கேமைத் தூக்கணும், சேவ் போகக் கூடாது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டிஸ்க் நிறைந்துவிட்டது. 100 ஜிபி பிடிக்கும் ஒரு கேமைத் தூக்கினால்தான் அடுத்ததுக்கு இடம். ஆனால் அதில் அறுபது மணி நேரம் ஆடிய சேவ் இருக்கிறது. இந்த இடத்தில் வந்து நிற்பவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளை அவர்கள் கேட்ட விதத்திலேயே இங்கே தொகுத்திருக்கிறோம். பெரும்பாலானவை விண்டோஸ் பற்றியவை. மேக்கும், கையில் வைத்து ஆடும் கருவியான ஸ்டீம் டெக்கும் கடைசிப் பகுதியில் வரும். ஃபோல்டர், மெனு பெயர்களைத் தமிழ் எழுத்தில் கொடுத்திருக்கிறோம். உங்கள் திரையில் அவை ஆங்கிலத்தில் இருக்கும்.

கேமை அன்இன்ஸ்டால் பண்ணா சேவும் சேர்ந்து போயிடுமா?

பெரும்பாலும் போகாது. கேம் ஓர் இடத்தில் இருக்கும், சேவ் வேறோர் இடத்தில் இருக்கும். 2007-இல் வந்த விண்டோஸ் விஸ்டாவிலிருந்து, புரோகிராம் ஃபைல்ஸ் ஃபோல்டருக்குள் எழுத வேண்டுமானால் அட்மின் அனுமதி வேண்டும். ஒவ்வொரு முறை சேவ் செய்யும்போதும் அந்த அனுமதியைக் கேட்டுக்கொண்டிருக்க முடியாதே. அதனால் கேம் தயாரிப்பாளர்கள் சேவைப் பயனரின் சொந்த ஃபோல்டருக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அன்இன்ஸ்டாலர் பொதுவாகத் தான் வைத்ததை மட்டும்தான் எடுக்கும்.

"பெரும்பாலும்" என்ற சொல்லில்தான் ஆபத்து இருக்கிறது. கேம் ஃபோல்டருக்குள்ளேயே சேவ் எழுதும் கேம்கள் உண்டு. மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் வழியாக வந்த கேம்கள் போகும்போது சேவையும் கொண்டுபோய்விடும். சில அன்இன்ஸ்டாலர்கள் "சேவ்களையும் நீக்கவா?" என்று கேட்கும், யோசிக்காமல் "யெஸ்" அமுக்கினால் போயிற்று. ஸ்டீம் போன்ற லாஞ்சரையே (கேம்களை வாங்கி, இன்ஸ்டால் செய்து, ஓட்டும் மென்பொருள்) தூக்குவது சேவ் போகும் நான்காவது வழி. ஒவ்வொன்றும் கீழே வருகிறது.

கேம் 100 ஜிபி இருக்கே, சேவும் அவ்வளவு பெருசா இருக்குமா? அதை எங்க வெச்சுக்கறது?

இருக்காது. சேவ் என்பது நீங்கள் எங்கே நிற்கிறீர்கள், கையில் என்ன வைத்திருக்கிறீர்கள், எதை முடித்தீர்கள் என்ற குறிப்பு மட்டும்தான். படங்களும் ஒலிகளும் அதில் கிடையாது. பல கேம்களின் சேவ் சில நூறு கேபியில் முடிந்துவிடும். எல்டன் ரிங்கில் பத்து கேரக்டர்களுக்கும் சேர்த்து ஒரே ஃபைல், 28 எம்பி அளவில். ஸ்கைரிம் மாதிரி நூற்றுக்கணக்கில் சேவ் சேரும் கேம்களிலும், நாள் பட நாள் பட உலகம் விரியும் மைன்கிராஃப்டிலும்தான் ஜிபி கணக்கு வரும். மற்றபடி ஒரு சாதாரண பென் டிரைவே போதும்.

சேவ் எந்த ஃபோல்டர்ல இருக்குன்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது?

விண்டோஸில் தேட வேண்டிய இடங்கள் கைவிரல் எண்ணிக்கைதான். முதலில் டாக்குமென்ட்ஸ். அதிலும் குறிப்பாக அதற்குள் இருக்கும் மை கேம்ஸ் ஃபோல்டர்: ஸ்கைரிம், டெர்ரேரியா அங்கே. விட்சர் 3 டாக்குமென்ட்ஸிலேயே தன் பெயரில் ஃபோல்டர் போட்டு, உள்ளே கேம்சேவ்ஸ் என்று வைத்திருக்கும். அடுத்து, உங்கள் பயனர் பெயர் ஃபோல்டருக்குள் சேவ்டு கேம்ஸ். சைபர்பங்க் 2077 அங்கே.

மூன்றாவது ஆப்டேட்டா. அதற்குள் மூன்று அறைகள். ரோமிங்: ஸ்டார்டியூ வேலி, எல்டன் ரிங், ஃபேக்டோரியோ, மைன்கிராஃப்ட் ஜாவா. லோக்கல்: அன்ரியல் எஞ்சின் என்ற கேம் தயாரிப்பு மென்பொருளில் செய்த கேம்கள், கேமின் பெயருக்குள் சேவ்டு, அதற்குள் சேவ்கேம்ஸ் என்று. லோக்கல்லோ: அதே மாதிரி இன்னொரு மென்பொருளான யூனிட்டியில் செய்தவை, தயாரிப்பு நிறுவனத்தின் பெயரில். ஹாலோ நைட்டைத் தேடினால் லோக்கல்லோவில் டீம் செர்ரி என்ற ஃபோல்டர்தான் கண்ணில் படும். உள்ளே போனால் நான்கு ஸ்லாட்டுக்கும் யூசர்1, யூசர்2 என்று, டேட் (dat) என முடியும் ஃபைல்கள். கேம் பெயரை மட்டும் தேடுகிறவர்கள் தவறவிடுவது இங்கேதான்.

நான்காவது ஸ்டீம் ஃபோல்டருக்குள் யூசர்டேட்டா. அதில் உங்கள் கணக்கு எண்ணில் ஒரு ஃபோல்டர், அதற்குள் ஒவ்வொரு கேமுக்கும் ஓர் எண். யூரோ டிரக் சிமுலேட்டர் 2-க்கு 227300. ஸ்டீம் கிளவுடில் (சேவின் பிரதியை ஸ்டீம் இணையத்தில் வைக்கும் வசதி) வைத்த புரொஃபைல் என்றால் அது டாக்குமென்ட்ஸில் இருக்காது, இந்த எண்ணுக்குள் ரிமோட் என்ற ஃபோல்டரில் இருக்கும். ஐந்தாவது, கேம் இன்ஸ்டால் ஆன ஃபோல்டரே: ஹாஃப்-லைஃப் 2 மாதிரி பழையவை.

எதிலும் பிடிபடவில்லையா? கேமைத் திறந்து ஒருமுறை சேவ் செய்து வெளியே வாருங்கள். மேற்சொன்ன இடங்களை மாற்றிய தேதிப்படி வரிசைப்படுத்துங்கள். கடைசி ஒரு நிமிடத்தில் மாறிய ஃபைல் எதுவோ அதுதான். பிசிகேமிங்விக்கி தளத்திலும் ஏறக்குறைய எல்லாக் கேமுக்கும் சேவ் இருக்கும் இடம் தனிப் பகுதியாகப் போட்டிருக்கிறார்கள்.

ஆப்டேட்டான்னு ஒரு ஃபோல்டரே என் கம்ப்யூட்டர்ல இல்லையே?

இருக்கிறது, விண்டோஸ் மறைத்து வைத்திருக்கிறது. எக்ஸ்ப்ளோரரில் வியூ மெனுவைத் திறந்து (விண்டோஸ் 11-இல் அதற்குள் ஷோ), ஹிடன் ஐட்டம்ஸ் என்பதை டிக் செய்யுங்கள். மங்கலான நிறத்தில் தெரியும்.

இன்னும் சுருக்கமாக: விண்டோஸ் விசையோடு ஆர் விசையை அழுத்தி, வரும் பெட்டியில் ஆப்டேட்டா என்ற சொல்லை ஆங்கிலத்தில், முன்னும் பின்னும் சதவீதக் குறி போட்டு அடித்து எண்டர் தட்டுங்கள். ஒன்றைக் கவனியுங்கள்: இப்படித் திறந்தால் நேராக ரோமிங்கில் போய் நிற்கும். லோக்கலும் லோக்கல்லோவும் வேண்டுமானால் ஒரு படி மேலே ஏற வேண்டும். "ஆப்டேட்டாவுல தேடிட்டேன், இல்லை" என்பவர்களில் பலர் ரோமிங்கை மட்டும் பார்த்துவிட்டு வந்தவர்கள்.

சரி, அன்இன்ஸ்டால் பண்றதுக்கு முன்னாடி என்னென்ன செய்யணும்? வரிசையா சொல்லுங்க.

ஸ்டார்டியூ வேலியை எடுத்துக்கொள்வோம். அந்தக் கேமில் கேரக்டர் படுத்துத் தூங்கினால்தான் சேவ் ஆகும். பகலில் பாதியில் வெளியேறினால் அந்த நாள் போயிற்று. ஆகவே தூங்கவைத்து, மறுநாள் விடிந்த பிறகு கேமை மூடுங்கள். ரோமிங்கில் ஸ்டார்டியூவேலி, அதற்குள் சேவ்ஸ். அங்கே கேரக்டரின் பெயர், அடிக்கோடு, ஒரு நீண்ட எண் என்ற வடிவில் ஒரு ஃபோல்டர் இருக்கும். உள்ளே அதே பெயரில் ஒரு ஃபைலும் சேவ்கேம்இன்ஃபோ என்று இன்னொன்றும், இரண்டுக்கும் ஓல்டு என்று முடியும் முந்தைய நாள் பிரதிகளும். பெரிய ஃபைலை மட்டும் எடுத்தால் போதாது, ஃபோல்டரோடு எடுக்க வேண்டும்.

அந்த ஃபோல்டரைக் காப்பி செய்யுங்கள், கட் வேண்டாம். வேறு டிரைவிலோ பென் டிரைவிலோ கேம் பெயரும் தேதியும் போட்டு ஒரு ஃபோல்டர் திறந்து அதில் பேஸ்ட் செய்யுங்கள். எடுத்த இடத்தையும் குறித்து வைக்க ஒரு நோட்பேட் ஃபைலை அதிலேயே போட்டுவிடுங்கள். ஆறு மாதம் கழித்து நிச்சயம் மறந்திருக்கும். பிறகு இரண்டு ஃபோல்டரிலும் ரைட் கிளிக், பிராப்பர்ட்டீஸ்: ஃபைல் எண்ணிக்கையும் அளவும் ஒன்றாக இருக்கிறதா பாருங்கள். இருந்தால் அன்இன்ஸ்டால் செய்யலாம். எந்தக் கேமானாலும் முறை இதுதான், இடம் மட்டும் மாறும்.

கேம் ஓடிக்கொண்டிருக்கும்போது காப்பி எடுக்கவே கூடாது. பாதி எழுதிய ஃபைல் வந்து சேரும், அளவு சரியாகக்கூடத் தெரியும், திறக்கும்போதுதான் கரப்ட், அதாவது ஃபைல் கெட்டுவிட்டது, என்று சொல்லும்.

இருபது கேம் இருக்கு. ஒவ்வொண்ணா தேடி எடுக்க முடியாது. ஏதாவது சாஃப்ட்வேர் இருக்கா?

லூடுசாவி என்று ஓர் இலவச ஓப்பன் சோர்ஸ் கருவி இருக்கிறது. விண்டோஸ், லினக்ஸ், மேக் மூன்றிலும் ஓடும். மேலே சொன்ன பிசிகேமிங்விக்கியின் தகவலை வைத்து உங்கள் டிஸ்கில் இருக்கும் சேவ்களைத் தானே கண்டுபிடித்து ஒரே இடத்தில் பேக்கப் எடுக்கும், திரும்பவும் வைக்கும். முதலில் பிரிவியூ கொடுத்து, நீங்கள் தூக்கப்போகும் கேம் பட்டியலில் வந்திருக்கிறதா, ஃபைல் அளவு பூஜ்யமாக இல்லாமல் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு பேக்கப் கொடுங்கள். பட்டியலில் வராத கேமைக் கையால் எடுக்க வேண்டியதுதான்.

ஸ்டீம்ல கிளவுட் சேவ் இருக்கே, அப்புறம் எதுக்குக் காப்பி எல்லாம்?

கிளவுட் ஒரு கண்ணாடி. உங்கள் கம்ப்யூட்டரில் இருப்பதை அப்படியே காட்டும், கெட்டதையும் சேர்த்து. கேமுக்குள் போய் ஒரு ஸ்லாட்டை அழித்தால் கிளவுடிலும் அழியும். சேவ் கரப்ட் ஆன நிலையில் கேமை மூடினால் கரப்ட் ஆனதே மேலே ஏறும். பழைய தேதிக்குத் திரும்பிப் போக வழியில்லை.

தவிர, எல்லாக் கேமுக்கும் கிளவுட் கிடையாது. ஸ்டோர் பக்கத்தில் ஸ்டீம் கிளவுட் என்று போட்டிருக்கிறதா பாருங்கள். லைப்ரரியில் கேம்மேல் ரைட் கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸ், ஜெனரல் போனால், கிளவுடில் வைக்கும் சுவிட்ச் ஆனில் இருக்கிறதா என்றும் தெரியும். கேமை மூடிய பிறகுதான் சேவ் மேலே ஏறும். ஆஃப்லைன் மோடில் ஆடிவிட்டு அப்படியே அன்இன்ஸ்டால் செய்தால் அந்த நாட்களின் ஆட்டம் கிளவுடுக்குப் போயிருக்காது.

கிளவுட்ல நிஜமாவே ஏறியிருக்கான்னு எப்படிப் பார்க்கிறது?

லைப்ரரியில் கேமின் பக்கத்தில், பிளே பொத்தானுக்கு அருகில் கிளவுட் நிலை தெரியும். அப் டு டேட் என்று இருந்தால் சரி. இன்னும் உறுதியாக வேண்டுமா? ஸ்டீம் தளத்தில் லாகின் செய்து, அக்கவுன்ட் விவரப் பக்கத்தில் வியூ ஸ்டீம் கிளவுட் என்ற இணைப்புக்குப் போங்கள். கேம் வாரியாக, ஃபைல் வாரியாக, அளவும் தேதியும் இருக்கும். அங்கிருந்தே டவுன்லோடும் செய்யலாம். நீங்கள் கடைசியாக ஆடிய நேரமும் அங்கே உள்ள தேதியும் ஒத்துப்போகிறதா என்று ஒப்பிட்டுப் பாருங்கள்.

ஸ்டீம்ல "பேக்கப் கேம் ஃபைல்ஸ்"னு ஒரு ஆப்ஷன் இருக்கு. அதை எடுத்துட்டேன், போதும்ல?

போதாது. பெயர்தான் ஏமாற்றுகிறது. அது கேமை மறுபடி டவுன்லோடு செய்யாமல் இருப்பதற்கான வசதி. 100 ஜிபி கேமை அப்படியே பொட்டலம் கட்டும். டாக்குமென்ட்ஸிலும் ஆப்டேட்டாவிலும் இருக்கும் சேவைத் தொடவே தொடாது. பெரியது பத்திரமாகி, சிறியது போய்விடும்.

டிஸ்க்ல இடம் வேணும், அவ்வளவுதான். அன்இன்ஸ்டால் பண்ணாமலே வழி இருக்கா?

இன்னொரு டிரைவ் இருந்தால் இருக்கிறது. ஸ்டீமில் செட்டிங்ஸ், ஸ்டோரேஜ் போய் அந்த டிரைவைச் சேர்த்து, கேமைத் தேர்ந்தெடுத்து மூவ் கொடுங்கள். சேவ் பழைய இடத்திலேயே இருக்கும், கேம் வழக்கம்போல் ஓடும். கேம் ஃபோல்டரை எக்ஸ்ப்ளோரரில் கட் செய்து வேறிடத்தில் போடுவது மட்டும் வேண்டாம். லாஞ்சருக்கு அது தெரியாது, கேம் காணவில்லை என்று முதலிலிருந்து டவுன்லோடு கேட்கும்.

ஸ்டீமையே அன்இன்ஸ்டால் பண்ணிட்டு மறுபடி போட்டா?

கவனம். ஸ்டீம் ஃபோல்டருக்குள் இருக்கும் ஸ்டீம்ஆப்ஸ், யூசர்டேட்டா இரண்டும் சேர்ந்து போகும். அதாவது எல்லாக் கேமும், யூசர்டேட்டாவில் இருந்த எல்லா சேவும். முதலில் அந்த இரண்டு ஃபோல்டரையும் வேறிடத்துக்கு நகர்த்திவிட்டு அன்இன்ஸ்டால் செய்து, மறுபடி ஸ்டீம் போட்ட பிறகு அதே இடத்தில் திரும்ப வையுங்கள். யூபிசாஃப்ட் லாஞ்சரிலும் இதே ஆபத்து. அது பெரும்பாலான கேம்களின் சேவைத் தன் இன்ஸ்டால் ஃபோல்டருக்குள் சேவ்கேம்ஸ் என்ற பெயரில் வைத்திருக்கிறது. எபிக் லாஞ்சரில் கிளவுட் சேவ் கேமுக்குக் கேம் மாறும். கிளவுட் இல்லாத கேம் என்றால் கையால் காப்பிதான்.

எக்ஸ்பாக்ஸ் ஆப், கேம் பாஸ்ல வந்த கேமுக்கு?

இதில்தான் அதிகம் ஏமாறுகிறார்கள். ஆப்டேட்டா லோக்கலுக்குள் பேக்கேஜஸ், அதற்குள் கேமின் பேக்கேஜ் பெயர், சிஸ்டம்ஆப்டேட்டா, டபிள்யூஜிஎஸ் என்று ஆழத்தில் சேவ் இருக்கும். அன்இன்ஸ்டால் செய்தால் விண்டோஸ் அந்த பேக்கேஜ் ஃபோல்டரையே துடைத்துவிடும். காப்பாற்றுவது எக்ஸ்பாக்ஸ் கணக்கோடு இணைந்த கிளவுட்தான். ஆகவே அன்இன்ஸ்டாலுக்கு முன் இணையத்தோடு கேமை ஒருமுறை திறந்து, சேவ் செய்து, மூடி, சில நிமிடம் விட்டுவிட்டு அப்புறம் தூக்குங்கள். கேமை மூடிய கையோடு கம்ப்யூட்டரை ஆஃப் செய்தால் சேவ் மேலே ஏறாமல் போகலாம்.

டபிள்யூஜிஎஸ் ஃபோல்டரைக் காப்பி எடுத்து வைப்பதில் தப்பில்லை. ஆனால் உள்ளே இருப்பவை புரியாத எண்ணெழுத்துப் பெயர்கள். பிற்பாடு ஸ்டீமில் அதே கேமை வாங்கி அங்கே பேஸ்ட் செய்தால் ஓடாது. இரண்டுக்கும் வடிவம் வேறு.

மைன்கிராஃப்ட் உலகத்தை எப்படிக் காப்பாத்தறது?

எந்த மைன்கிராஃப்ட் என்பதைப் பொறுத்தது. ஜாவா பதிப்பு என்றால் ரோமிங்கில் புள்ளியோடு தொடங்கும் மைன்கிராஃப்ட் ஃபோல்டர், உள்ளே சேவ்ஸ். ஓர் உலகத்துக்கு ஒரு ஃபோல்டர். லெவல் டேட் என்ற ஃபைலை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டு "உலகம் காலியா இருக்கு" என்று வருகிறவர்கள் உண்டு. கட்டிய வீடெல்லாம் ரீஜியன் ஃபோல்டரில் இருக்கிறது, லெவல் டேட்டில் இல்லை. உலக ஃபோல்டரை முழுதாக எடுங்கள்.

பிரிசம், கர்ஸ்ஃபோர்ஜ் மாதிரி வேறு லாஞ்சர் பயன்படுத்தினால் உலகங்கள் ஒவ்வொரு இன்ஸ்டன்ஸுக்குள்ளும் (அந்த லாஞ்சரில் நீங்கள் உருவாக்கிய தனித்தனி மைன்கிராஃப்ட் அமைப்பு) தனித்தனியாக இருக்கும். இன்ஸ்டன்ஸை டெலீட் செய்தால் உலகமும் காலி. பெட்ராக் பதிப்புக்குக் குழப்பமே வேண்டாம்: உலகத்தின் எடிட் திரையில் எக்ஸ்போர்ட் வேர்ல்டு கொடுங்கள், எம்சிவேர்ல்டு என்று முடியும் ஒரே ஃபைல் கிடைக்கும். பின்னால் அதை டபுள் கிளிக் செய்தால் கேம் தானே ஏற்றிக்கொள்ளும். ஸ்டோர் வழி வந்த பெட்ராக்கில் இந்த எக்ஸ்போர்ட் எடுக்காமல் அன்இன்ஸ்டால் கொடுக்காதீர்கள்.

வேலரன்ட், ஃபோர்ட்நைட், டோட்டா எல்லாம்?

எதுவும் செய்ய வேண்டாம். ரேங்க், ஸ்கின், வாங்கியவை எல்லாம் கம்பெனி சர்வரில் உங்கள் கணக்கில் இருக்கின்றன. எந்த ஈமெயிலில் லாகின் என்பதை மட்டும் மறக்காதீர்கள்.

மறுபடி இன்ஸ்டால் பண்ணி, சேவையும் பேஸ்ட் பண்ணிட்டேன். ஆனா கேம் "நியூ கேம்" மட்டும்தான் காட்டுது. ஏன்?

முதலில் இடத்தைப் பாருங்கள். சேவ்ஸ் ஃபோல்டருக்குள் சேவ்ஸ் ஃபோல்டரையே போட்டு இரட்டையாகியிருக்கும். இதுதான் மிகச் சாதாரணமான காரணம். அடுத்து, கணக்கு எண். பல கேம்கள் உங்கள் ஸ்டீம் எண்ணில் ஒரு ஃபோல்டர் திறந்து அதற்குள்தான் தேடும். புதிதாகப் போட்ட கேமை ஒருமுறை திறந்து, புதுச் சேவ் ஒன்று உருவாகவிட்டு, மூடுங்கள். அந்தப் புதுச் சேவ் எங்கே விழுந்ததோ அதே இடத்தில், அதே பெயர் வடிவில் பழையதை வையுங்கள்.

இதையும் செய்து பலனில்லை என்றால் பதிப்பு. புதிய பதிப்பில் எழுதிய சேவைப் பழைய பதிப்பு படிக்காது, ஸ்டார்டியூ 1.6-இல் சேவ் செய்ததை 1.5-இல் திறக்க முடியாது. டிஎல்சி (கேமுக்குத் தனியாக வரும் கூடுதல் பகுதி) ஒன்று இருந்து இப்போது போடவில்லை என்றாலும் சில கேம்கள் சேவை மறைத்துவிடும்.

"கிளவுட் கான்ஃப்ளிக்ட்"னு வந்து ரெண்டுல ஒண்ணைத் தேர்ந்தெடுக்கச் சொல்லுது. எதை அமுக்கறது?

எதையும் அமுக்காதீர்கள், முதலில் கேன்சல். கம்ப்யூட்டரில் இப்போது இருப்பதை ஒரு காப்பி எடுங்கள். கிளவுடில் இருப்பதையும் முன்னே சொன்ன வியூ ஸ்டீம் கிளவுட் பக்கத்திலிருந்து டவுன்லோடு செய்யுங்கள். இரண்டும் கையில் வந்த பிறகு எதைத் தேர்ந்தெடுத்தாலும் திரும்பி வர வழி இருக்கும்.

தேதியை நம்பி ஏமாறுவது இங்கே வழக்கம். முந்தைய பதிலில் சொன்னபடி புதிதாகப் போட்ட கேமைத் திறந்ததும் ஒரு வெற்றுச் சேவ் உருவாகும். அதன் தேதி இன்று. அறுபது மணி நேர சேவின் தேதி போன மாதம். "புதுசுதானே சரி" என்று லோக்கலை (கம்ப்யூட்டரில் இருப்பதை) அமுக்கினால் வெற்றுச் சேவ் மேலே ஏறிப் பழையதை விழுங்கும். அளவைப் பாருங்கள்: நீண்ட நாள் ஆடிய சேவ் பெரும்பாலான கேம்களில் பெரிதாகவே இருக்கும். எல்டன் ரிங் மாதிரி அளவு மாறாத கேம்களில் நீங்கள் கடைசியாக ஆடிய நாளை நினைவுபடுத்திக்கொள்வதுதான் வழி. காப்பியிலிருந்து பழையதைத் திரும்ப வைக்கப்போகிறீர்கள் என்றால், கிளவுட் சுவிட்சை ஆஃப் செய்து, சேவை வைத்து, கேமில் ஏற்றிப் பார்த்து, பிறகு ஆன் செய்யுங்கள். அப்போது கான்ஃப்ளிக்ட் வந்தால் தயங்காமல் லோக்கல்.

டாக்குமென்ட்ஸ்ல சேவ் இருந்துச்சு, இப்போ ஃபோல்டரே காலி. அன்இன்ஸ்டாலே பண்ணல!

ஒன்டிரைவ். அதன் பேக்கப் ஆனில் இருந்தால் டாக்குமென்ட்ஸ் என்பதே ஒன்டிரைவ் ஃபோல்டருக்குள் போய்விடும். பிறகு பேக்கப்பை நிறுத்தினால் ஃபைல்கள் அங்கேயே தங்கி, பழைய டாக்குமென்ட்ஸ் வெறுமையாகத் தெரியும். ஒன்டிரைவுக்குள் இருக்கும் டாக்குமென்ட்ஸைத் திறந்து பாருங்கள்.

ஃபைல் பக்கத்தில் மேகக் குறி இருந்தால் அது கம்ப்யூட்டரில் இல்லை, இணையத்தில் மட்டும் இருக்கிறது. காப்பி எடுக்கும் முன் அந்த ஃபோல்டரில் ரைட் கிளிக் செய்து ஆல்வேஸ் கீப் ஆன் திஸ் டிவைஸ் கொடுத்து, பச்சை டிக் வரும்வரை காத்திருங்கள். இலவசக் கணக்கில் 5 ஜிபிதான். அது நிறைந்துவிட்டால் சிங்க் நின்றுவிடும்.

ரெவோ அன்இன்ஸ்டாலர் போட்டு "சுத்தமா" எடுத்தா நல்லதுதானே?

சேவ் வேண்டும் என்றால் நல்லதில்லை. இந்த வகைக் கருவிகளின் வேலையே மிச்சம் மீதியைத் தேடி அழிப்பது. அதன் கண்ணுக்கு உங்கள் சேவும் மிச்சம்தான். அதிலும் அட்வான்ஸ்டு ஸ்கேன் ஆப்டேட்டாவையும் டாக்குமென்ட்ஸையும் துருவும். கேமின் சொந்த அன்இன்ஸ்டாலரோ லாஞ்சரோ போதும். ரெவோதான் வேண்டும் என்றால், கடைசியில் வரும் பட்டியலில் செலக்ட் ஆல் அமுக்காமல் ஒவ்வொரு வரியாகப் படியுங்கள்.

மாட் போட்டு ஆடற ஸ்கைரிம். சேவை மட்டும் எடுத்தா போதுமா?

போதாது. அந்த சேவ் உங்கள் மாட்களை, அதாவது ரசிகர்கள் செய்து கேமில் சேர்க்கும் மாற்றங்களை, நம்பி நிற்கிறது. மாட் இல்லாமல் திறந்தால் ஏதோ ஃபைல் காணவில்லை என்ற எச்சரிக்கை வரும். மீறித் திறந்து மறுபடி சேவ் செய்தால் அந்த மாட் தந்த பொருட்கள் சேவிலிருந்தே மறையும். ஆகவே மூன்றையும் எடுங்கள்: சேவ்ஸ் ஃபோல்டர், மாட்களின் டவுன்லோடு ஃபைல்கள், ஆப்டேட்டா லோக்கலில் கேம் பெயருக்குள் இருக்கும் பிளக்இன்ஸ் டெக்ஸ்ட் ஃபைல். எந்த மாட் எந்த வரிசையில் என்பது அந்தக் கடைசி ஃபைலில்தான் இருக்கிறது.

பல மாட்களுக்குத் தேவைப்படும் எஸ்கேஎஸ்இ என்ற துணைக் கருவியைப் போட்டிருந்தால் ஒவ்வொரு சேவுக்கும் அதே பெயரில் இரண்டாவது ஃபைல் இருக்கும். ஜோடியைப் பிரிக்காதீர்கள். மாட்களை நிர்வகிக்கும் மாட் ஆர்கனைசர் 2-இல் புரொஃபைலுக்குத் தனி சேவ் என்று வைத்திருந்தால் சேவ்கள் மை கேம்ஸில் இருக்காது, மாட் ஆர்கனைசரின் புரொஃபைல்ஸ் ஃபோல்டருக்குள் இருக்கும்.

எல்லா இடத்திலும் தேடிட்டேன், எந்த ஃபைலுமே மாறல. சேவ் எங்கதான் போகுது?

இரண்டு சாத்தியம். சின்ன யூனிட்டி கேம்கள் சில, முன்னேற்றத்தை ஃபைலாக எழுதாமல் விண்டோஸ் தன் அமைப்புகளைக் குறித்து வைக்கும் ரெஜிஸ்ட்ரியில் எழுதுகின்றன. ரெஜ்எடிட்டைத் திறந்து, கரன்ட் யூசர், சாஃப்ட்வேர், தயாரிப்பு நிறுவனத்தின் பெயர், கேமின் பெயர் என்று போங்கள். அந்தக் கடைசிப் பெயரில் ரைட் கிளிக், எக்ஸ்போர்ட். கிடைக்கும் ரெஜ் ஃபைலைப் பின்னால் டபுள் கிளிக் செய்தால் எல்லாம் திரும்பும்.

இன்னொன்று விர்ச்சுவல்ஸ்டோர். விஸ்டாவுக்கு முந்தைய கேம் புரோகிராம் ஃபைல்ஸில் எழுதப் பார்க்கும்போது, விண்டோஸ் அதை வேண்டாம் என்று சொல்லாமல் சத்தமில்லாமல் ஆப்டேட்டா லோக்கலுக்குள் விர்ச்சுவல்ஸ்டோர் என்ற ஃபோல்டருக்குத் திருப்பிவிடும். கேமுக்கே அது தெரியாது.

என் சேவை வேற ஸ்டீம் கணக்குல போட முடியுமா?

கேமைப் பொறுத்தது. ஸ்டார்டியூ, ஹாலோ நைட் கவலைப்படாது. எல்டன் ரிங்கில் வெறுமனே பேஸ்ட் செய்து முடியாது: ஃபோல்டரின் பெயர் 17 இலக்க ஸ்டீம் எண், அதே எண் சேவ் ஃபைலுக்குள்ளும் பதிந்திருக்கிறது. ஃபோல்டர் பெயரை மாற்றினாலும் ஏமாறாது. அதே கணக்கில் மறுபடி இன்ஸ்டால் செய்கிறவர்களுக்கு இந்தப் பிரச்சினை இல்லை.

விண்டோஸை ஃபார்மேட் பண்ணப் போறேன். கேம் எல்லாம் டி டிரைவ்ல இருக்கு, அதனால பயம் இல்லையே?

கேமுக்குப் பயமில்லை. சேவுக்கு இருக்கிறது. டாக்குமென்ட்ஸ், சேவ்டு கேம்ஸ், ஆப்டேட்டா மூன்றும் சி டிரைவில்தான். ஃபார்மேட்டில் அவை போய், டி-யில் 500 ஜிபி கேம் பத்திரமாக உட்கார்ந்திருக்கும். ரீசெட் செய்யும்போது கீப் மை ஃபைல்ஸ் கொடுத்தாலும் டாக்குமென்ட்ஸ் தங்கும், ஆப்டேட்டாவை நம்ப முடியாது. மூன்றையும் டி-க்குக் காப்பி செய்துவிட்டுத் தொடங்குங்கள்.

மேக், ஸ்டீம் டெக்ல?

மேக்கில் ஆப்பை டிராஷுக்கு இழுத்தால் சேவ் தங்கும். ஃபைண்டரில் ஆப்ஷன் விசையை அழுத்திக்கொண்டு கோ மெனுவைத் திறந்தால் லைப்ரரி தெரியும், அதற்குள் அப்ளிகேஷன் சப்போர்ட். ஆப் கிளீனர் வகைக் கருவிகள் அதையும் துடைக்கும். ரெவோவுக்குச் சொன்னதுதான் இங்கேயும்.

ஸ்டீம் டெக்கில் புரோட்டான் (விண்டோஸ் கேம்களை லினக்ஸில் ஓட்டும் மென்பொருள்) வழியாக ஓடும் விண்டோஸ் கேமுக்கு, ஸ்டீம்ஆப்ஸுக்குள் காம்பேட்டேட்டா, அதில் கேம் எண். எல்டன் ரிங் என்றால் 1245620. உள்ளே பிஎஃப்எக்ஸ், டிரைவ்_சி என்று ஒரு குட்டி விண்டோஸே இருக்கும். மேலே சொன்ன அதே டாக்குமென்ட்ஸ், ஆப்டேட்டா அங்கேயும் உண்டு. கிளவுட் இல்லாத கேமைத் தூக்கும் முன் டெஸ்க்டாப் மோடில் போய் அதைக் காப்பி எடுங்கள்.

எதுவும் செய்யாம அன்இன்ஸ்டால் பண்ணிட்டேன். இனிமே வழி இருக்கா?

பதறாமல் முதலில் பாருங்கள், சேவ் அங்கேயே இருக்க வாய்ப்பு அதிகம். மேலே சொன்ன ஐந்து இடங்களையும் தேடுங்கள். அடுத்து கிளவுட் பக்கம். சேவ் ஒன்டிரைவுக்குள் இருந்திருந்தால் அதன் தளத்தில் ரீசைக்கிள் பின் தனியாக உண்டு, தனிநபர் கணக்கில் 30 நாள் வைத்திருக்கும். கம்ப்யூட்டரின் ரீசைக்கிள் பின்னில் தேடிப் பயனில்லை. அன்இன்ஸ்டாலர்கள் நேரடியாக அழிக்கும். விண்டோஸைப் புதுப்பித்த பிறகு காணாமல் போயிருந்தால் சி டிரைவில் விண்டோஸ் ஓல்டு என்ற ஃபோல்டருக்குள் யூசர்ஸ் போய்ப் பாருங்கள். 10 நாளில் அது தானே அழிந்துவிடும். விண்டோஸின் பேக்கப் வசதியான ஃபைல் ஹிஸ்டரி ஆனில் இருந்திருந்தால், சேவ் இருந்த ஃபோல்டரில் ரைட் கிளிக், பிராப்பர்ட்டீஸ், பிரீவியஸ் வெர்ஷன்ஸ்.

இவை எதுவுமே இல்லை என்றால் மீட்புக் கருவிகள். ஸ்டோரில் மைக்ரோசாஃப்டின் விண்டோஸ் ஃபைல் ரெக்கவரி இலவசமாகக் கிடைக்கும், கட்டளை அடித்து ஓட்ட வேண்டும். பழைய ஹார்ட் டிஸ்க் என்றால் நம்பிக்கை உண்டு: அந்த டிரைவில் எதையும் எழுதாமல், கேமை மறுபடி டவுன்லோடு செய்யாமல், உடனே ஓட்டுங்கள். மீட்டதை வேறு டிரைவில் போடுங்கள். எஸ்எஸ்டி என்றால், அழித்த இடத்தை டிரிம் என்ற வேலை பின்னணியில் காலி செய்துவிடும். பெரும்பாலும் சில நிமிடங்களிலேயே. அதில் ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். கிடைக்கவில்லை என்றால் காசு கேட்கும் மீட்பு சாஃப்ட்வேருக்கும் கிடைக்காது, அதை வாங்காதீர்கள்.